உலுபுருன் முனையில் மூழ்கிய கப்பல்



கடலடித் தொல்பொருள் ஆராய்ச்சியைப் பற்றிப் பேசுமாறு நீங்கள் என்னைப் பணித்தபோது, உலகத்துச் சமுத்திரங்களில் இதுவரை கண்டறியப்பட்ட கப்பல்களையெல்லாம் வரிசையாகச் சொல்லிச் செல்வதைக் காட்டிலும், ஒரே ஒரு கப்பலை எடுத்துக்கொண்டு அதன் அருகிலேயே நிதானமாக நின்று பார்ப்பதுதான் பயன் தரும் என்று எனக்குத் தோன்றியது. அந்தக் கப்பல், துருக்கி தேசத்தின் தென்கரையில், காஷ் என்னும் சிற்றூருக்குத் தென்கிழக்கே ஏறத்தாழ 8 கிலோமீட்டர் தொலைவில், செங்குத்தான பாறைச்சரிவு அப்படியே கடலுக்குள் இறங்கிவிடுகிற உலுபுருன் என்ற முனையின் அடியில், கி.மு. 14ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில், அதாவது எகிப்தில் துட்டன்காமன் அரசாண்டு மறைந்த காலத்தையொட்டி, தன் சரக்கு முழுவதோடும் மூழ்கிப்போனது.

இன்று நான் உங்கள் முன் நிலைநாட்ட விரும்பும் விஷயம் ஒன்றுதான். ஒரு பழம்பொருள் எதன் பக்கத்தில், எதன் மேல், எந்த நிலையில் கிடந்தது என்பதை அறிந்தால்தான் அது சரித்திரத்துக்குச் சாட்சி சொல்லும்; அந்த இடத்தைவிட்டுப் பெயர்த்து எடுத்துவிட்டால், பொன்னாலேயே ஆனதாக இருந்தாலும் அது வாய் பேசாத பொருளாகிவிடும். நிலத்தில் அகழ்வோர் இதை நன்கு அறிவார்கள். ஆனால் கடலைப் பொறுத்தவரையில், இந்தச் சாதாரண உண்மை அங்கீகாரம் பெறுவதற்கு வெகுகாலம் பிடித்தது.

ஒரு நகரத்தின் இடிபாட்டைத் தோண்டுகிறவர், பல தலைமுறைகள் இடித்தும் கட்டியும், வேண்டியதை எடுத்தும் வேண்டாததை எறிந்தும் விட்டுச்சென்ற மிச்சத்தைப் பார்க்கிறார். கப்பலோ அப்படிப்பட்டதன்று. அது முழுகிய அந்த நாளில் அதற்குள் என்னென்ன இருந்தனவோ, வணிகனின் தராசுக்கல்லிலிருந்து மாலுமி இரவில் ஏற்றிய விளக்குவரை, அத்தனையும் ஒரே நாழிகையில் ஒன்றாகக் கீழே சென்றன. ஆகையால், பண்டைக் காலத்து வர்த்தகத்தை அறிவதற்கு இதைவிடத் தெளிவான பிரமாணம் நமக்குக் கிடைப்பது அரிது.

1900ஆம் ஆண்டில், கிரேக்க நாட்டின் சிமி தீவைச் சேர்ந்த கடற்பஞ்சு குளிப்போர், ஆண்டிகித்தெரா என்ற தீவின் அருகே ஒரு பழங்கப்பலைக் கண்டார்கள். வெண்கலச் சிலைகளும் பளிங்குச் சிலைகளும் மேலே வந்தன, உலகம் வியந்தது. 1902இல், மேலே கொணர்ந்த துருப்பிடித்த கட்டிகளுக்கிடையே பல்சக்கரங்கள் பொருந்திய, வானத்துக் கோள்களின் இயக்கத்தைக் கணிக்கும் அதிசயக் கருவி ஒன்றும் வெளிப்பட்டது. ஆனால் அந்தப் பணியில் தொல்லியல் அறிந்தவர் ஒருவர்கூடக் கடலுக்குள் இறங்கவில்லை. அவர்கள் மேல்தளத்தில் நின்று, கீழிருந்து வருவதை வாங்கிக்கொண்டார்கள். இறங்கியவர்கள் கடற்பஞ்சு குளிப்போர். அவர்களில் ஒருவர் உயிரிழந்தார், இருவர் முடமானார்கள். அத்தனை பெரிய விலை கொடுத்தும், அந்தக் கருவி கப்பலின் எந்தப் பகுதியில், யாருடைய உடைமைகளோடு கிடந்தது என்னும் கேள்விக்கு அன்றைய குறிப்புகளில் விடை இல்லாமற் போயிற்று.

சுவாசக் கருவியை முதுகில் கட்டிக்கொண்டு மீனைப்போல் நீந்தும் முறையை, 1943ஆம் ஆண்டையொட்டிக் கூஸ்தோவும் காஞானும் உருவாக்கிய பிறகும் நிலைமை உடனே மாறிவிடவில்லை. மார்செய் துறைமுகத்துக்கு அருகே கிராண்ட் கொங்லுவே என்ற பாறைத்தீவின் அடியில், 1952 முதல் கூஸ்தோவின் குழுவினர் பெருமுயற்சி செய்து ஆயிரக்கணக்கான ஜாடிகளை மேலே கொண்டுவந்தார்கள். ஆராய்ச்சிப் பொறுப்பிலிருந்த பெனுவா என்னும் பேரறிஞர் கடலுக்குள் இறங்கியவரல்லர். மேலே வந்த ஜாடிகளைக் கொண்டு அது ஒரே கப்பல் என்று எழுதினார். பின்னாளில் நடந்த ஆய்வில், அங்கே இருந்தவை ஒன்றன்மேல் ஒன்றாக, ஏறத்தாழ நூறாண்டு இடைவெளியில் மூழ்கிய இரண்டு கப்பல்கள் என்று தெளிந்தது. அவருடைய புலமையில் குறை காண நமக்கு இடமில்லை. மேல் அடுக்கு எது, கீழ் அடுக்கு எது என்று தன் கண்ணால் காணும் வாய்ப்பு அந்தப் புலமைக்கு இல்லாமற்போனதே இழப்புக்குக் காரணம்.

இந்தக் குறை நீங்கியது 1960ஆம் ஆண்டில். பீட்டர் திராக்மார்ட்டன் என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர், துருக்கியின் போட்ரம் துறைமுகத்தில் கடற்பஞ்சு குளிப்போரோடு ஒருவராகப் பழகி வாழ்ந்தவர்; கெமால் அராஸ் என்ற படகுத் தலைவர், கெலிடோனியா முனையருகே கடலடியில் வெண்கலப் பொருள்கள் கிடப்பதாக அவரிடம் சொன்னார். செய்தி அமெரிக்காவின் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தை எட்டியது. அங்கே மாணவராக இருந்த ஜார்ஜ் பாஸ் இந்தப் பணிக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டபோது, அவருக்குக் கடலில் மூழ்கிப் பழக்கமே கிடையாது. பிலடெல்பியாவில் ஒரு நீச்சற்குளத்தில் பயிற்சி பெற்றுவிட்டு நேரே துருக்கிக்குப் புறப்பட்டார். மூழ்குகிறவனைத் தொல்லியல் அறிஞனாக்குவதைவிடத் தொல்லியல் அறிஞனை மூழ்கக் கற்பிப்பது எளிது என்பது அவருடைய உறுதியான கொள்கை. சுமார் 27 மீட்டர் ஆழத்தில், நிலத்தில் செய்வதைப்போலவே அளந்து, வரைபடம் தீட்டி, எண்ணிட்டு, ஒரு கப்பற்சிதைவு முழுவதையும் அதன் இடத்திலேயே அகழ்ந்தெடுத்த முதற் பணி அதுவே.

அந்த அகழ்வின் முடிவாக அவர் வெளியிட்ட அபிப்பிராயம் பெரிய விவாதத்தைக் கிளப்பிற்று. வெண்கலக் காலத்தின் கடைசிப் பகுதியில் கிழக்கு மத்தியதரைக் கடலின் வர்த்தகம் முழுவதும் மைசீனியக் கிரேக்கர் கையில் இருந்தது என்பதே அன்றைய பண்டிதர்களின் ஒருமித்த முடிவு. பாஸோ, கப்பலில் இருந்தவர்களின் சொந்த உடைமைகளைச் சரக்கிலிருந்து பிரித்தறிந்து, அவர்கள் சிரியா, பாலஸ்தீனக் கரையைச் சேர்ந்த கானானியர் என்று 1967இல் நூலாகவே எழுதினார். பலர் ஏற்கவில்லை. ஒரு சிறு கப்பலைக் கொண்டு இத்தனை பெரிய முடிவுக்கு வரலாமா என்று கேட்டார்கள். அது நியாயமான கேள்விதான் என்றே நான் நினைக்கிறேன். அதற்கு விடை சொல்ல இன்னொரு கப்பல் வேண்டியிருந்தது.

அது 1982இல் கிடைத்தது. பாஸ் நிறுவிய ஆராய்ச்சி நிலையத்தைச் சேர்ந்தவர்கள், துருக்கியின் கரையோர ஊர்களுக்குச் சென்று, கடலடியில் காணக்கூடிய பழம்பொருள்களின் படங்களைக் கடற்பஞ்சு குளிப்போருக்குக் காட்டி விளக்குவதை வழக்கமாக வைத்திருந்தார்கள். மெமெட் சாகிர் என்ற இளைஞர், காதுகள் உள்ள உலோக பிஸ்கட்டுகளைக் கடலடியில் கண்டதாகத் தம் படகின் தலைவரிடம் சொல்ல, படத்தைப் பார்த்திருந்த அந்தத் தலைவருக்கு விஷயம் உடனே விளங்கிவிட்டது. நான்கு மூலையும் கைப்பிடிபோல் நீண்டிருக்கும் செம்புப் பாளம் அது. விரித்த மாட்டுத்தோலின் வடிவை ஒத்திருப்பதால் ஆராய்ச்சியாளர் அதனை மாட்டுத்தோற் பாளம் என்பர். எகிப்தியக் கல்லறை ஓவியங்களில் சிரிய நாட்டவர் தோளில் சுமந்து வருவதும் இதுவே.

1984இல் பாஸ் அகழ்வைத் தொடங்கினார்; அடுத்த ஆண்டிலிருந்து அவருடைய மாணவரான ஜெமால் புலாக் அதனை நடத்தினார். 1994வரை பதினொரு பருவங்கள் பணி நடந்தது. எவ்வளவு கடினமான பணி என்பதைச் சற்றே எண்ணிப் பாருங்கள். கப்பல் சரிவில் கிடந்தது. அதன் மேல்முனை 44 மீட்டர் ஆழம், கீழ்முனை 52 மீட்டர். சிதறி உருண்ட பொருள்கள் 61 மீட்டர்வரை கிடந்தன. அந்த ஆழத்தில் அழுத்தப்பட்ட காற்றைச் சுவாசித்தால், அதிலுள்ள நைட்ரஜன் மூளையை மயக்கும். மது அருந்தியவனைப்போல் கணக்குத் தப்பும். மேலே வரும்போதோ, இரத்தத்தில் கரைந்த அந்த வாயு குமிழிகளாகப் பிரிந்து மனிதனை முடமாக்கக்கூடும். ஆண்டிகித்தெராவில் நேர்ந்தது அதுதான். ஆகவே ஒருவர் நாளொன்றுக்கு இரண்டு முறை, ஒவ்வொரு முறையும் சுமார் 20 நிமிஷமே கீழே வேலை செய்ய முடியும்; பிறகு படிப்படியாக நின்று நின்று, பிராணவாயுவைச் சுவாசித்து மேலேற வேண்டும். இவ்வாறு 22,400க்கும் மேற்பட்ட முறை மூழ்கி எழுந்தார்கள். செம்புப் பாளங்கள் சில கை பட்டால் நொறுங்கும்படி அரித்துப்போயிருந்தன. அவற்றின் விரிசல்களில் தண்ணீருக்கடியிலேயே இறுகக்கூடிய ஒருவகைப் பசையைச் செலுத்தி, அது இறுகுவதற்காக ஓராண்டு காத்திருந்து, அதற்குப் பிறகே எடுத்தார்கள். இந்தப் பொறுமையை நான் மிகவும் போற்றுகிறேன். கொள்ளையனுக்கும் ஆராய்ச்சியாளனுக்கும் உள்ள வேறுபாடு முழுவதும் அந்த ஓராண்டுக் காத்திருப்பில் அடங்கியிருக்கிறது.

சரக்கைப் பார்ப்போம். மாட்டுத்தோற் பாளங்கள் மட்டும் 354. கப்பலின் குறுக்கே நான்கு வரிசைகளாக, வீட்டுக் கூரையில் ஓடு வேய்ந்ததைப்போல் ஒன்றன்மேல் ஒன்று படிந்து கிடந்தன. அவை நழுவாமலும், கப்பற்பலகை தேயாமலும் இருக்க அடியில் முட்செடிகளைப் பரப்பியிருந்தார்கள். செம்பின் மொத்த எடை சுமார் 10 டன். அதோடு வெள்ளீயம் சுமார் ஒரு டன். செம்பும் வெள்ளீயமும் பத்துக்கு ஒன்று என்ற இந்த விகிதம் வெண்கலம் வார்ப்பதற்குரிய விகிதமே ஆகும். ஒரு படைக்கு வேண்டிய வாள்களும் வேல்களும் கவசங்களும் பதினொரு டன் எடையில் அந்த ஒரு கப்பலில் கருவாக இருந்தன என்று சொல்லலாம். செம்பில் கலந்துள்ள ஈயத்தின் ஐசோடோப்புகளைச் சோதித்து, அது சைப்ரஸ் தீவில் வெட்டியெடுக்கப்பட்டது என்று கண்டார்கள். வெள்ளீயம் எங்கிருந்து வந்தது என்பதில் விவாதம் ஓயவில்லை. 2022இல் வெளியான ஓர் ஆய்வு, அதில் மூன்றிலொரு பங்கு மத்திய ஆசியாவின் முஷிஸ்டன் சுரங்கத்தைச் சேர்ந்தது என்று கூறுகிறது. அது உறுதிப்படுமாயின், மலையிலிருந்து கடற்கரைவரை மூவாயிரம் கிலோமீட்டருக்கும் மேல் கைமாறிக் கைமாறி அந்த உலோகம் வந்து சேர்ந்திருக்க வேண்டும்.

உலோகத்தோடு முடிந்துவிடவில்லை. கருநீலமும் வெளிர்நீலமுமாக 175 கண்ணாடிப் பாளங்கள். அவற்றின் இரசாயனச் சேர்க்கை எகிப்தியக் கண்ணாடியை ஒத்தது. ஆப்பிரிக்காவில் வளரும் கருமரக் கட்டைகள். யானைத் தந்தம், நீர்யானைப் பற்கள், தீக்கோழி முட்டையோடு. வடக்கேயுள்ள பால்டிக் கடலின் கரையில் கிடைக்கும் அம்பர் மணிகள். கானானிய ஜாடிகள் சுமார் 150. பெரும்பாலானவற்றில் பிஸ்தா இனத்து மரமொன்றின் மணமுள்ள பிசின் நிறைந்திருந்தது. ஒன்றில் கண்ணாடி மணிகள், சிலவற்றில் ஒலிவக் காய்கள். பெரிய தாழி ஒன்றினுள் சைப்ரஸ் தீவின் கிண்ணங்களும் குவளைகளும் அடுக்கிக் கட்டப்பட்டிருந்தன. மற்றொரு தாழியில் மாதுளையின் எச்சங்களோடு, தந்தக் கீல் பொருத்திய சிறிய இரட்டைப் பலகை கிடைத்தது. மெழுகு பூசி எழுத்தாணியால் எழுதும் ஏடு அது. மெழுகு போய்விட்டது, எழுத்தும் போய்விட்டது. ஆயினும் இவ்வகை ஏடுகளில் நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழையது அதுவே.

பொன்னாலான சிறிய வண்டு முத்திரை ஒன்றில் எகிப்திய அரசி நெபர்தீதியின் பெயர் பொறித்திருந்தது. பத்திரிகைகள் இதனைப் பெரிதும் கொண்டாடின. ஆனால் அறிஞர் கவனித்தது, அதன் அருகே வெட்டுண்ட பொன் துண்டுகளும் உடைந்த நகைகளும் கிடந்த செய்தியை. அரசியின் பெயர் தாங்கிய முத்திரை, அவள் காலம் கடந்தபின், உருக்குவதற்குரிய பழம்பொன்னாக வணிகன் கைக்கு வந்திருக்கலாம் என்று அவர்கள் கருதினார்கள். சந்தையில் யாரோ ஒருவர் இதைத் தனியாக விற்றிருந்தால், அரசியின் தூதர் ஒருவர் கப்பலில் இருந்தார் என்று கதை கட்டுவது எவ்வளவு எளிதாக இருந்திருக்கும்!

கப்பலின் மரக்கூட்டில் எஞ்சியது சிறு பகுதியே. மரத்தைத் துளைக்கும் கடற்புழுக்கள் வெளியில் தெரிந்த பலகைகளைத் தின்றுவிட்டன. கனத்த பாளங்களுக்கடியில் அகப்பட்ட பகுதி மட்டும் பிழைத்தது. அது லெபனான் தேவதாரு. பலகையின் விளிம்பில் துளை பொளித்து, அதில் கழுந்து செருகி, அடுத்த பலகையையும் அதில் பொருத்தி, குறுக்கே மரஆணி அடித்து இறுக்கியிருந்தார்கள். நம் சோழமண்டலக் கரையில் பலகைகளைத் தென்னங்கயிற்றால் தைத்துப் படகு கட்டிய முறையை அறிந்தவர்களுக்கு, இந்த இறுக்கமான தச்சுவேலை வேறொரு உலகத்தது என்று தோன்றும். கப்பலின் நீளம் சுமார் 15 மீட்டர். கல்நங்கூரங்கள் 24. அந்த நங்கூரக் கற்களின் வகை கிழக்குக் கரைக்கு உரியது.

இப்போது பாஸின் பழைய விவாதத்துக்கு வருகிறேன், ஏனெனில் என் பேச்சின் நடு இதுதான். கப்பலில் இருந்தவர்கள் யார்? சைப்ரஸ் நாட்டு விளக்குகளும் கிடைத்தன, கானானிய விளக்குகளும் கிடைத்தன. சைப்ரஸ் விளக்குகள் திரி ஏற்றப்படாத புத்தம் புதியவை. அவை விற்பனைக்கு உரியவை. கானானிய விளக்குகளின் மூக்கிலோ தீ பட்ட கறுப்பு இருந்தது. அவை கப்பலில் ஒவ்வொரு இரவும் எரிந்தவை. அந்தக் கறுப்பு எவ்வளவு பெரிய சாட்சியம்! தராசுக்கற்கள் சுமார் 150 கிடைத்தன; காளை, வாத்து முதலிய உருவங்களில் வார்த்தவையும் அவற்றில் உண்டு; பெரும்பாலானவை கிழக்குக் கரை வணிகரின் எடைமுறையைச் சேர்ந்தவை. ஒரு கப்பலில் வெவ்வேறு கற்கட்டுகள் இருப்பதைக் கொண்டு, வணிகர் சிலர் சேர்ந்து பயணம் செய்தனர் என்று புலாக் முடிவு செய்தார். அவற்றுக்கிடையே மைசீனிய முத்திரைகளும், சவரக்கத்திகளும், வாளும் இரட்டைக்கு இரட்டையாகக் கிடைத்தமையால், அந்நாட்டவர் இருவர், ஒருவேளை சரக்குக்குத் துணையாகச் செல்லும் அதிகாரிகளாக, உடனிருந்தனர் என்றும் கருதினார். ஓர் எலியின் தாடையெலும்பு கூடக் கிடைத்தது. அதன் பல்லின் வடிவத்தை ஆராய்ந்து, அந்த எலி சிரியக் கரையில் கப்பலேறியது என்று சொன்னார்கள். ஆகக் கிழக்கிலிருந்து மேற்கு நோக்கி, ஈஜியன் கடலில் ஏதோ ஓர் அரண்மனைக்குச் சென்றுகொண்டிருந்த கானானியக் கப்பல் என்பதே இன்று பெரும்பாலோர் ஏற்கும் முடிவு. சைப்ரஸ் என்று கருதப்படும் அலாஷியாவின் அரசர், எகிப்திய மன்னருக்குச் செம்பு அனுப்பியதைப் பற்றி அமர்னாவில் கிடைத்த களிமண் கடிதங்களில் படிக்கிறோம். அந்தக் கடிதங்கள் பேசுவதைப் போன்ற அரச வர்த்தகத்தின் சரக்கு, முதன்முறையாக முழுதாகக் கண்ணுக்குக் கிடைத்தது. பாஸின் கெலிடோனியா முடிவை ஏளனம் செய்தவர்கள், இருபத்தைந்து ஆண்டுகளுக்குப் பின் அதை மறுபடியும் எடுத்துப் படிக்க நேர்ந்தது. இன்று அந்தப் பொருள்கள் போட்ரம் கோட்டையில் அமைந்த அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.

நம் பக்கத்துக் கடலைப் பற்றியும் ஒரு சொல். 2003இல் இலங்கையின் தென்கரையில், அம்பாந்தோட்டைக்கு அருகேயுள்ள கொடவாயாவில், கடலில் மூழ்கும் மீனவர்கள், 30 மீட்டருக்கும் மேற்பட்ட ஆழத்தில் கல்லாலான அம்மிகளையும் தாழிகளையும் கண்டு சொன்னார்கள். சுமார் 2000 ஆண்டுப் பழமையுள்ள அந்தக் கப்பலில் கண்ணாடிப் பாளங்களும் இருந்தன. பாஸ் நிறுவிய அதே நிலையம் இலங்கை ஆராய்ச்சியாளரோடு சேர்ந்து அங்கே பணி செய்தது. நம் பூம்புகார்க் கடலிலோ, 19 மீட்டர் ஆழத்தில் தேசியக் கடலியல் நிறுவனத்தார் ஆராய்ந்த கப்பற்சிதைவில், பிளாக்கெட் என்ற ஆங்கிலேயப் பெயரும் 1791, 1792 என்ற ஆண்டுகளும் பொறித்த ஈயக் கட்டிகள் கிடைத்தன. பூம்புகாரின் பெயரைக் கேட்டதும் நாம் எதிர்பார்க்கும் காலம் அதுவன்று. ஆயினும் நம் கடலடியில் கப்பல்கள் கிடக்கின்றன என்பதற்கும், அவற்றின் இடம் மீனவருக்கு முன்னமே தெரியும் என்பதற்கும் இவ்விரண்டும் போதுமான சான்று.

எனவே இந்தச் சபையில் கூடியிருக்கும் ஆராய்ச்சியாளரிடமும் அரசாங்கத்தாரிடமும் ஒரு கோரிக்கை வைக்கிறேன். துருக்கியில் படங்களை எடுத்துக்கொண்டு ஊர் ஊராகச் சென்றதைப்போல, இங்கும் ஒரு சுவரொட்டிப் படம் தயாரியுங்கள். கல்நங்கூரம், ஈயக்கட்டி, பீரங்கி, கூர்அடி ஜாடி ஆகியவை கடற்பாசியும் சிப்பியும் மூடிக்கிடக்கும்போது எப்படித் தெரியும் என்று அதில் வரையுங்கள். பழவேற்காட்டிலிருந்து குமரிவரை மீன் ஏலக்கூடந்தோறும் அதை ஒட்டுங்கள். தூத்துக்குடியில் சங்கு குளிப்போரிடம் நேரில் சென்று காட்டுங்கள். வலை எங்கே கடலடிப் பாறையாகிய பாரில் சிக்கிக் கிழிகிறது, எது பார், எது பாரல்லாத வேறொன்று என்பதை அறிந்தவர்கள் அவர்களே. கரையிலுள்ள மலையையும் கோபுரத்தையும் குறியாக வைத்து, கணியம் பார்த்து, நடுக்கடலில் ஓரிடத்தைத் தவறாமல் திரும்பக் கண்டுபிடிக்கும் வித்தையும் அவர்களுடையது. கிடைத்ததைத் தூக்கி வரவேண்டாம், இடத்தைச் சொன்னால் போதும், சொன்னவருக்குரிய வெகுமதியும் பெயரும் அவரைச் சேரும் என்று படத்தின் அடியில் எழுதுங்கள். எந்த அலுவலகத்தில், யாரிடம் சொல்ல வேண்டும் என்பதையும் அதிலேயே அச்சிட்டுவிடுங்கள்.